பிராதில் விட்டுப்போன ஒரு வரி

தாமிரபரணிப் பாசனத்தில் ஒரு மரக்கால் விதைப்பாடு வயல் என்றாலும், அது ஒரு குடும்பத்தின் சோறு. அதற்காக வழக்குப் போடுகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்.

"நிலம் என்னுடையது" என்று மட்டும் பிராதில் கேட்டால் போதாது. நிலம் எதிராளியின் சுவாதீனத்தில் இருந்தால், "நிலத்தையும் மீட்டுத் தர வேண்டும்" என்று சேர்த்துக் கேட்க வேண்டும். கோர்ட்டுக் கட்டணம் கூடுமே என்று சிலர் அதை விட்டுவிடுகிறார்கள். பத்திரம் சரியாக இருந்தும் அதனாலேயே தோற்கிறார்கள். 1963-ம் ஆண்டுக் குறித்தவகைப் பரிகாரச் சட்டத்தின் 34-வது பிரிவு குறுக்கே நிற்கிறது.

வழக்கு நடக்கும்போதே எதிராளி வரப்பை வெட்டி உள்ளே புகுந்துவிட்டால்? பிராதைத் திருத்தலாம். சிவில் நடைமுறைச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் விசாரணை தொடங்கும் முன்பே திருத்த வேண்டும். பிறகு கேட்டால், "உரிய கவனத்தோடு இருந்தும் முன்பு கேட்க முடியவில்லை" என்று கோர்ட்டுக்குக் காட்டியாக வேண்டும். 2002-ல் வந்த கட்டுப்பாடு இது.

எதிராளி உரிமை கொண்டாடி 12 ஆண்டு அனுபவித்துவிட்டால், நிலமே கைவிட்டுப் போகலாம்.

ஆகவே, நிலம் இன்று யார் கையில் இருக்கிறது என்பதை வக்கீலிடம் மறைக்காதீர்கள். நிலைமை மாறினால் அடுத்த வாய்தா வரை காத்திராமல் அன்றே சொல்லுங்கள். பாட்டன் தேடிய நிலம் ஒரு வரியால் போக வேண்டாம்.