திண்ணையில் ஒரு கடை

உங்களில் சிலபேர் பகலில் வவுச்சர் பாஸ் பண்ணிவிட்டு ராத்திரியில் ரகசியமாகக் கம்ப்யூட்டர் கேம் எழுதிக்கொண்டிருக்கிறீர்கள். எனக்குத் தெரியும். கண்ணுக்குக் கீழே கருவளையம், மேனேஜர் திட்டும்போது முகத்தில் ஒரு தெய்வீகப் புன்னகை. இந்த இரண்டும் சேர்ந்து இருந்தால் ஒன்று காதல், இல்லாவிட்டால் கேம்.

எழுதி முடிப்பது பாதி வேலைதான். முடித்த கேமை எங்கே வைப்பது? பக்கத்து சீட் நண்பர் உடனே சொல்லிவிடுவார்: "சொந்தமா வெப்சைட் போட்டா ஈ, காக்கா வராது மாப்ளே. ஃபேஸ்புக்ல போடு. ஊரே அங்கதான் உக்காந்திருக்கு."

ஊரே அங்கே உட்கார்ந்திருப்பது வாஸ்தவம். யார் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறது என்பதுதான் இந்த வாரத்து விஷயம்.

கொல்கத்தாவில் ரஜத் அகர்வாலா, ஜயந்த் அகர்வாலா என்று அண்ணன் தம்பி. இருவருக்கும் ஸ்க்ராபிள் பிடிக்கும். எழுத்துக் கட்டைகளைக் கட்டத்தில் அடுக்கி இங்கிலீஷ் வார்த்தை செய்து பாயின்ட் வாங்குகிற ஆட்டம். (கையில் 'க்யூ' வந்து 'யூ' வராவிட்டால் அன்றைக்கு ராசிபலன் சரியில்லை என்று அர்த்தம்.) 2005 வாக்கில் அதை இன்டர்நெட்டில் ஆட ஒரு வெப்சைட் செய்தார்கள்.

2007 மே 24 அன்று ஃபேஸ்புக் தன் கதவைத் திறந்து விட்டது. யார் வேண்டுமானாலும் புரோகிராம் எழுதி உள்ளே வைக்கலாம். உங்கள் பக்கத்தில் வரும் விளம்பரக் காசு முழுக்க உங்களுக்கே. வாடகை இல்லை, அட்வான்ஸ் இல்லை. அண்ணன் தம்பி இருவரும் அதே வருடம் கடையைப் போட்டார்கள். கடையின் பெயர் 'ஸ்க்ராபுலஸ்'.

பிய்த்துக்கொண்டு ஓடியது. காரணம் இருக்கிறது. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் உட்கார்ந்து ஆட வேண்டியதில்லை. காலையில் காபிக்கு முன்னால் நீங்கள் ஒரு வார்த்தை வைக்கலாம். உங்கள் நண்பர் சாயங்காலம் மேனேஜர் கிளம்பிய பிறகு பதில் வைக்கலாம். முன்பின் தெரியாத யாரோ ஒருவரோடு ஆடுவதும் இல்லை. காலேஜில் உங்களோடு படித்தவர், மச்சினர், முன்னாள் பாஸ் என்று தெரிந்த முகங்கள். ஒருவர் ஆட உட்கார்ந்தால் இன்னொருவரை இழுத்தாக வேண்டும். அவர் வேறொருவரை இழுப்பார். விளம்பரத்துக்குப் பைசா செலவில்லாமல் கூட்டம் தானே கூட்டத்தைக் கொண்டுவந்தது.

2008 தொடக்கத்தில் தினம் ஐந்து லட்சம் பேருக்கு மேல் ஆடினார்கள். அப்போது பத்திரிகைகளில் வந்த கணக்குப்படி விளம்பர வருமானம் மாதம் 25,000 டாலருக்கு மேல். அன்றைய ரேட்டில் பத்து லட்சம் ரூபாய். அண்ணனுக்கு வயது 26, தம்பிக்கு 21. அந்த வயதில் நாம் என்ன செய்துகொண்டிருந்தோம் என்று யோசிக்க வேண்டாம். உடம்புக்கு ஆகாது.

இந்த இடத்தில் கதை திரும்புகிறது. 'ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே' என்று ஒரு பழமொழி உண்டு. நெய்க்குச் சொந்தக்காரர்கள் இரண்டு பேர் இருந்தார்கள். ஸ்க்ராபிள், அமெரிக்காவிலும் கனடாவிலும் ஹாஸ்ப்ரோ கம்பெனிக்குச் சொந்தம். மற்ற நாடுகளில் மாட்டெலுக்குச் சொந்தம். 2008 ஜனவரியில் இரண்டு கம்பெனிகளும் ஃபேஸ்புக்கிடம், "அதை எடு" என்றன. கவனியுங்கள், நோட்டீஸ் போனது திண்ணைக்காரருக்கு. ஆடிக்கொண்டிருந்த கூட்டம், "ஸ்க்ராபுலஸைக் காப்பாற்றுங்கள்" என்று ஃபேஸ்புக்கிலேயே சங்கம் வைத்துக் கோஷம் போட்டது. ஆயிரக்கணக்கில் சேர்ந்தார்கள். கோஷத்துக்கு வக்கீல் மசிவாரா?

ஜூலை 24ல் ஹாஸ்ப்ரோ நியூயார்க்கில் கேஸ் போட்டது. ஜூலை 29ல் அமெரிக்காவிலும் கனடாவிலும் ஸ்க்ராபுலஸ் இல்லை. ஆடிக்கொண்டிருந்த ஆட்டம் அப்படியே நின்றது. அந்த மாதமே ஹாஸ்ப்ரோவின் அனுமதியோடு எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் கம்பெனி செய்த அசல் ஸ்க்ராபிள் அதே ஃபேஸ்புக்கில் வந்து உட்கார்ந்தது. அதே திண்ணை, அதே கூட்டம். கடைக்காரர் மட்டும் வேறு.

மாட்டெல் டெல்லி ஐகோர்ட்டுக்குப் போனது. 2008 செப்டம்பரில் வந்த இடைக்கால உத்தரவை கேம் எழுதுகிறவர்கள் எல்லோரும் தெரிந்துகொள்வது நல்லது. ஆட்டத்தின் போர்டின் மேல் காப்பிரைட் என்று மாட்டெல் கேட்டது. கோர்ட் அதற்குத் தடை கொடுக்கவில்லை. ஆனால் பெயர்? 'ஸ்க்ராபிள்' என்பது டிரேட்மார்க். அதை உச்சரித்தால் காதில் அதே மாதிரி விழுகிற 'ஸ்க்ராபுலஸ்' என்ற பெயரை வைத்துக்கொள்ளக் கூடாது என்று தடை போட்டது.

ஆக, இந்திய கோர்ட்டில் அவர்களுக்கு விழுந்த அடி ஆட்டத்துக்காக இல்லை, பெயருக்காக. தமாஷாக வைத்த நாலெழுத்துச் சிலேடை, தொண்டையில் மீன்முள்ளாக நின்றது. பின்னால் பெயரை 'லெக்ஸுலஸ்' என்று மாற்றி, போர்டையும் பாயின்டையும் மாற்றி அமைத்தார்கள். 2008 டிசம்பரில் ஹாஸ்ப்ரோவும் சமரசமாகிக் கேஸை வாபஸ் வாங்கியது. ஆட்டம் பிழைத்தது. ஆனால் கூட்டம் பழைய கூட்டமாகத் திரும்பவில்லை.

ஏன் திரும்பவில்லை? இங்கேதான் நான் படித்த பி.காம். கொஞ்சம் உதவுகிறது. (இதுவரை உதவிய இடங்களை ஒரு கை விரலில் எண்ணிவிடலாம்.)

அக்கவுன்டன்ஸி புத்தகத்தில் 'குட்வில்' என்று ஒரு பாடம் வரும். கண்ணுக்குத் தெரியாத சொத்து. மேஜை, நாற்காலி, சரக்கு எல்லாவற்றையும் கூட்டினால் வருகிற தொகையைவிடக் கடைக்கு அதிக விலை கிடைக்கிறதே, அந்த அதிகம்தான் குட்வில். 1810ல் லார்ட் எல்டன் என்ற இங்கிலீஷ் நீதிபதி அதற்கு ஒரு விளக்கம் சொன்னார். பழைய வாடிக்கைக்காரர்கள் பழைய இடத்துக்கே வருவார்கள் என்கிற வாய்ப்பு, அதற்கு மேல் ஒன்றுமில்லை என்பது அதன் சாரம்.

'பழைய இடம்' என்ற வார்த்தையைக் கவனியுங்கள். ஸ்க்ராபுலஸ் ஆடியவர்கள் தினமும் காலையில் எங்கே வந்தார்கள்? கொல்கத்தாவுக்கா? ஃபேஸ்புக்குக்கு வந்தார்கள். கடை மூடிய மறுநாளும் அங்கேதான் வந்தார்கள். அண்ணன் தம்பி உழைத்துச் சம்பாதித்த குட்வில், திண்ணைக்காரர் பாலன்ஸ் ஷீட்டில் போய் உட்கார்ந்துவிட்டது.

கேஸ், கோர்ட் இல்லாமலும் இது நடக்கும். 'ஃபார்ம்வில்' ஞாபகம் இருக்கிறதா? 2009ல் ஸிங்கா கம்பெனி ஃபேஸ்புக்கில் விட்ட விவசாய ஆட்டம். நிஜ வயலில் கால் வைத்தறியாதவர்கள் எல்லாம் ராத்திரி அலாரம் வைத்து எழுந்து கத்தரிக்காய் பறித்தார்கள். 'உங்கள் நண்பரின் மாடு காணாமல் போய்விட்டது' என்று ஓயாமல் சேதி வரும். ஜனங்கள் சலித்துக்கொண்டார்கள். 2010 மார்ச்சோடு கேம்கள் அந்த மாதிரி நோட்டிஃபிகேஷன் அனுப்புவதை ஃபேஸ்புக் நிறுத்தியது. ஓசியில் கூட்டம் சேர்த்த வழி ஒன்று ஒரே நாளில் அடைபட்டது. 2011 ஜூலை 1 முதல் கேமுக்குள் விற்கும் சாமானுக்கு ஃபேஸ்புக்கின் கிரெடிட் மூலமாகத்தான் காசு வாங்க வேண்டும். நூற்றுக்கு 30 திண்ணைக்காரருக்கு.

இத்தனைக்கும் ஸிங்கா சின்ன ஆள் இல்லை. 2011ல் ஃபேஸ்புக்கின் மொத்த வருமானத்தில் 12 சதவீதம் ஸிங்கா மூலமாக வந்தது. அவ்வளவு கொடுக்கிற குடித்தனக்காரருக்கே அந்தக் கதி என்றால், ராத்திரி பதினோரு மணிக்கு மேல் கேம் எழுதுகிற உங்களுக்கும் எனக்கும்?

2016 நவம்பரில் ஃபேஸ்புக் மெசஞ்சருக்குள்ளேயே உடனடி கேம்கள் வந்தன. பேசிக்கொண்டே ஆடலாம் என்றார்கள். 2019ல் அவற்றை மெசஞ்சரிலிருந்து கிளப்பி ஃபேஸ்புக் பக்கம் கொண்டுபோனார்கள். சில சமயம் திண்ணையே காணாமல் போகும். 2020 ஜூன் 29 அன்று இந்தியாவில் 59 செயலிகளுக்குத் தடை. டிக்டாக் அதில் ஒன்று. அதில் லட்சக்கணக்கில் ரசிகர் வைத்திருந்தவர்கள் மறுநாள் காலையில் பூஜ்யத்திலிருந்து ஆரம்பித்தார்கள்.

"அப்படின்னா போடவே கூடாதா?" என்று கேட்பீர்கள். யார் சொன்னது? ஃபேஸ்புக் இல்லாவிட்டால் அகர்வாலா சகோதரர்களை ஐந்து லட்சம் பேருக்குத் தெரிந்திருக்காது. எந்த முறையில் போடுவது என்பதுதான் கேள்வி.

இன்னொரு வார்த்தை ஆட்டத்தைப் பாருங்கள். ஜோஷ் வார்டில் என்பவர் தன் துணைவிக்காக எழுதிய 'வேர்டில்', 2021 அக்டோபரில் வெளியே வந்தது. நாளைக்கு ஒரே ஒரு ஐந்தெழுத்து வார்த்தை. உலகம் பூரா எல்லோருக்கும் அதே வார்த்தை. ஆறு தடவைக்குள் கண்டுபிடிக்க வேண்டும். விளம்பரம் கிடையாது, ஆப் கிடையாது. கேம் இருந்தது அவருடைய சொந்த வெப்சைட்டில். ஆடி முடித்தவர்கள் பச்சை, மஞ்சள் கட்டங்களாகத் தங்கள் பவிஷை ட்விட்டரில் ஒட்டினார்கள். அதில் விடை தெரியாது. ஆனால் பார்த்தவர்களுக்கு அரித்தது. நவம்பர் 1ல் ஆடியவர்கள் 90 பேர். ஜனவரி 2ல் மூன்று லட்சம் பேர். 2022 ஜனவரி கடைசியில் நியூயார்க் டைம்ஸ் அதை ஏழு இலக்க டாலர் கொடுத்து வாங்கியது.

வித்தியாசம் தெரிகிறதா? தண்டோரா ஊரான் தெருவில். கடை தன் வீட்டில். வாடிக்கைக்காரர் தினமும் வந்த 'பழைய இடம்' வார்டிலுடையது. அதனால்தான் விற்க அவரிடம் ஏதோ இருந்தது.

ஆகவே கேம் எழுதும் கண்மணிகளே, வேலையை ராஜினாமா செய்வதற்கு முன்னால் மூன்று விஷயம்.

ஒன்று, பெயர். புகழ்பெற்ற ஆட்டத்தின் பெயரில் வாலை மாற்றி வைக்காதீர்கள். டிரேட்மார்க் ரிஜிஸ்ட்ரியின் வெப்சைட்டில் தேடிப் பார்க்கக் காசு இல்லை. பதிய, 2017ல் வந்த விதிப்படி, தனிநபர் ஆன்லைனில் விண்ணப்பித்தால் ஒரு வகுப்புக்கு 4,500 ரூபாய். கேம் சாஃப்ட்வேர் என்பதால் 9ஆம் வகுப்பு. ஒரு தடவை பதிந்தால் பத்து வருஷம், பிறகு புதுப்பிக்கலாம்.

இரண்டு, விலாசம். ஒரு சின்ன வெப்சைட், அதில் கேம் ஆட ஒரு வழி. ஃபேஸ்புக்கில் ஆட வருகிறவர் இஷ்டப்பட்டுத் தன் ஈமெயிலைக் கொடுத்தால் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். ஆயிரம் பேர் 'லைக்' போட்டதைவிட நூறு பேர் விலாசம் மேல். திண்ணையைக் காலி செய்யும் அன்று, கடை எங்கே மாறியிருக்கிறது என்று சொல்ல ஆள் வேண்டும்.

மூன்று, கணக்கு. திண்ணையிலிருந்து வரும் பணத்தைச் சம்பளம் என்று நினைத்து இருபது வருஷ இ.எம்.ஐ. போடாதீர்கள். ஒரே இடத்திலிருந்து மொத்த வருமானமும் வந்தால் அதற்குப் பெயர் பிசினஸ் இல்லை, அப்ரைசலும் பி.எஃப்.பும் இல்லாத இன்னொரு உத்தியோகம். இப்போது இருக்கிற உத்தியோகத்திலாவது தீபாவளி போனஸ் உண்டு.

இந்த மூன்றும் ஆச்சா? இனி தாராளமாகத் திண்ணையில் கடை விரியுங்கள். போர்டில் உங்கள் வீட்டு விலாசத்தை மட்டும் கொஞ்சம் பெரிய எழுத்தில் எழுதுங்கள்.