நிமிர்த்தப்படாத உடலுக்காக

மதுரை சிம்மக்கல்லில் கூடிய குறும்படக்காரர்களாகிய நாங்கள் அறிவிக்கிறோம்: மாறிய உடலை எங்கள் கேமரா திருத்தாது, அதைக் காட்டி எவரையும் பயமுறுத்தவும் செய்யாது.

உடல் மாறும் கதைகளுக்கு மதுரையில் பஞ்சமில்லை. மூன்று தனங்களோடு பிறந்த பாண்டிய இளவரசி தடாதகைக்குச் சிவனைக் கண்டதும் ஒன்று மறைகிறது. சம்பந்தர் அருளால் கூன் பாண்டியன் நிமிர்ந்து நின்றசீர் நெடுமாறனாகிறான். இக்கதைகளைக் கேட்டு வளர்ந்தோம். இவற்றின்மேல் எங்களுக்கு அன்பும் உண்டு. ஆனால் ஒவ்வொன்றிலும் ஊர் ஒப்புக்கொள்ளும் வடிவத்துக்கே உடல் வந்து சேர்கிறது. கூனோடு அரியணையில் இருந்த ஆண்டுகளில் பாண்டியனுக்கு இந்த ஊர் எப்படித் தெரிந்தது? எங்களுக்கு அந்தப் படம் வேண்டும்.

வணிக சினிமாவில் உருக்குலைவு என்றால் தண்டனை. ‘ஐ’ (2015) நாயகன் பகைவர்களைப் பழிவாங்குவதும் அவர்கள் உடலைச் சிதைத்துத்தான். அப்படம் திருநங்கையைக் கேலிப்பொருளாக்கியதை எதிர்த்துத் திருநங்கைகள் போராடினார்கள். நாங்கள் அவர்கள் பக்கம்.

1962இல் ஈரானியக் கவிஞர் ஃபரூக் ஃபரோக்சாத் தப்ரீஸ் தொழுநோயாளர் குடியிருப்பில் ஒரு குறும்படம் எடுத்தார். கண்ணாடியில் தன் முகம் பார்க்கும் பெண்ணோடு அது தொடங்குகிறது. நாம் பார்க்கும் முன்பே அவள் தன்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். எங்கள் இலக்கணம் அந்த ஷாட்தான். மதுரையிலேயே ஆர்.பி. அமுதன் ‘பீ’ (2003) படத்தில், தெருவில் மலம் அள்ளும் பெண்ணின் கூடவே கேமராவைக் கொண்டுபோனார். ஒதுக்கல் உடலிலிருந்து வருவதல்ல, தெருவிலிருந்து வருவது என்பதை அதில் கண்டோம்.

2019 ஏப்ரலில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, இடைபாலினக் குழந்தைகளின் உடலைத் ‘திருத்தும்’ அறுவை சிகிச்சைகளுக்குத் தடை கோரிய குரலை ஏற்றது. நீதிமன்றம் வந்து நின்ற இடத்துக்கு சினிமா இன்னும் வரவில்லை.

ஆகவே ஒப்பனையாலும் கிராஃபிக்ஸாலும் உருமாற்றத்தை வேடிக்கை காட்ட மாட்டோம். துணிச்சலை வடிவத்தில் காட்டுவோம். கேமரா கூன் விழுந்தவரின் கண் உயரத்தில் இருக்கும். ஒலி உடலுக்குள்ளிருந்து கேட்கும். நெரிசலான டவுன் பஸ்ஸில் ஒருவரின் பக்கத்து இருக்கை மட்டும் காலியாகவே வரும் பயணத்தை வெட்டாமல் காட்டுவோம். தீக்காயம் பட்டவர், வெண்படை உள்ளவர், மூட்டை சுமந்து தோள் காய்த்தவர், திருநர், இடைபாலினர் தாங்களே எழுதி இயக்க வேண்டும். செல்போன் கேமரா போதும்.

பிறர் இயக்கினால், எடிட்டிங் முடியும் முன் படத்தில் தோன்றுபவருக்குப் போட்டுக்காட்ட வேண்டும். அவர் வேண்டாம் என்றால், எவ்வளவு நல்ல ஷாட் என்றாலும் அது போகும்.