வெடித்த கொட்டகையும் குற்றம் நடந்த இடம்தான்

கொலை வழக்கில் தடய அறிவியல் மூன்று கேள்விகளுக்கு விடை தேடுகிறது. இறந்தவர் யார், எப்படி இறந்தார், அந்த நேரத்தில் அங்கே வேறு யார் இருந்தார் என்பவை அவை. வாக்குமூலத்தை நம்பியிராமல் பொருள்களைக் கொண்டே இவற்றை நிறுவ முடியும் என்பதில்தான் அதன் வலிமை இருக்கிறது. கண்ணால் கண்டவர் நீதிமன்றத்தில் பிறழ் சாட்சி ஆகலாம். மகஜரில் கையெழுத்திட்ட கிராம நிர்வாக அலுவலர், சில ஆண்டுகள் கழித்துக் கூண்டில் ஏறும்போது விவரங்களை மறந்திருக்கலாம். ஒழுங்காக எடுத்து ஒழுங்காக முத்திரையிட்ட இரத்தக்கறையை யாரும் மிரட்ட முடியாது, விலைக்கும் வாங்க முடியாது. விருதுநகர் மாவட்டத்தில் ஒருவர் வெட்டிக் கொல்லப்பட்டால் கைரேகைப் பிரிவும் மோப்ப நாயும் தடயவியல் நிபுணரும் வருவது வழக்கமாகிவிட்டது. அதே மாவட்டத்தில் பட்டாசு ஆலை வெடித்துப் பத்துப் பேர் இறந்தால் அந்த ஒழுங்கு கட்டாயமில்லை. கட்டாயமாக்க வேண்டும் என்பதே இத்தலையங்கத்தின் நிலைப்பாடு.

தமிழகத்தில் இந்த அறிவியலுக்கு நீண்ட மரபு உண்டு. இரசாயனப் பரிசோதகர் ஆய்வகம் சென்னையில் 1849-இல் தொடங்கியது. இன்றைய தடய அறிவியல் துறையின் வேர் அதுதான். அந்த மரபின் பெயர் பெற்ற வழக்கு 1952-இல் நடந்தது. சென்னையில் பேனா வியாபாரம் செய்த ஆளவந்தான் ஆகஸ்ட் மாத இறுதியில் காணாமல் போனார். போட் மெயில் ரயிலில் வந்த ஒரு டிரங்குப் பெட்டி மானாமதுரையில் திறக்கப்பட்டபோது உள்ளே தலையில்லாத உடல் இருந்தது. தலை இராயபுரம் கடற்கரை மணலில் கிடைத்தது. அவர் முன்பு இராணுவப் பணியில் இருந்தவர் என்பதால் அங்கே பதிவாகியிருந்த கைரேகையோடு உடலின் விரல்களை ஒப்பிட முடிந்தது. சென்னை மருத்துவக் கல்லூரியின் டாக்டர் சி.பி. கோபாலகிருஷ்ணன் உடலும் தலையும் ஒருவருடையவையே என்று நிறுவினார். ஆளவந்தானைக் கொன்ற பிரபாகர மேனனுக்கு ஏழு ஆண்டும் அவர் மனைவி தேவகிக்கு மூன்று ஆண்டும் சிறைத் தண்டனை கிடைத்தது. கொலையை நேரில் கண்ட வெளியாள் எவரும் இல்லாமலே அந்த வழக்கு நிலைநாட்டப்பட்டது.

வெடிப்பு என்று வந்தால் எல்லாம் எரிந்து போய்விடுமே, எதைச் சோதிப்பது என்ற கேள்வி உடனே எழுகிறது. அதற்கான பதில் ஸ்ரீபெரும்புதூரில் இருக்கிறது. 1991 மே 21 இரவு ராஜீவ் காந்தி கொல்லப்பட்ட இடத்தில் சிதறிக் கிடந்த துணித் துண்டுகள், கம்பிகள், சிறு எஃகுக் குண்டுகள், மின்கலத்தின் பகுதிகள் ஆகியவற்றைப் பொறுக்கிச் சேர்த்துத்தான், குண்டு இடுப்பில் கட்டப்பட்டிருந்தது என்பதையும் அதைக் கட்டியிருந்தவர் ஒரு பெண் என்பதையும் தமிழக ஆய்வகத்தின் இயக்குநராக இருந்த பி. சந்திரசேகரன் விளக்கினார். இறந்துபோன புகைப்படக்காரர் ஹரிபாபுவின் கேமரா அழியாமல் கிடந்தது. ஐதராபாத்தின் உயிரணு, மூலக்கூறு உயிரியல் மையம் உடல் பாகங்களின் மரபணுவைச் சோதித்தது. வெடிப்பு பொருள்களைச் சிதறடிக்கும். ஆனால் எது எந்தத் திசையில், எவ்வளவு தூரம் போய் விழுந்தது என்பதே ஒரு தடயமாகிவிடுகிறது.

அதே வழக்கு இந்த அறிவியலின் எல்லையையும் காட்டுகிறது. மின்கலம் குண்டில் பயன்பட்டது என்பதைப் பொருள் சொல்லும். அதை வாங்கிக் கொடுத்தவருக்கு நோக்கம் தெரிந்திருந்ததா என்பதைப் பொருள் சொல்லாது. எதற்காக வாங்கச் சொன்னார்கள் என்று தெரியாது என மின்கலம் வாங்கிக் கொடுத்த பேரறிவாளன் சொன்னதைத் தாம் பதிவு செய்யவில்லை என்று, வாக்குமூலத்தை எழுதிய சிபிஐ அதிகாரி தியாகராஜனே பல ஆண்டுகள் கழித்து ஒப்புக்கொண்டார். 2022 மே 18 அன்று உச்ச நீதிமன்றம் பேரறிவாளனை விடுவித்தது. ஆய்வக அறிக்கை எவ்வளவு துல்லியமாக இருந்தாலும், அதைச் சுற்றி எழுதப்படும் வாக்குமூலம் நேர்மையாக இல்லையென்றால் ஒரு மனிதரின் வாழ்நாள் போய்விடும். தடய அறிவியலுக்காக வாதாடும் யாரும் இதை மறக்கக் கூடாது.

இனி பட்டாசு வட்டாரத்துக்கு வரலாம். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் ஏறத்தாழ 40 பேர் இறந்தனர். அவர்களில் பலர் உதவவும் பார்க்கவும் ஓடி வந்தவர்கள். 2021 பிப்ரவரி 12 அன்று சாத்தூர் அருகே அச்சங்குளத்தில் இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். 2023 அக்டோபர் 17 அன்று ஒரே நாளில் ரெங்கபாளையத்திலும் கிச்சநாயக்கன்பட்டியிலும் நடந்த வெடிப்புகளில் 14 பேர். 2024 பிப்ரவரி 17 அன்று வெம்பக்கோட்டை அருகே இராமுதேவன்பட்டியில் 10 பேர். 2025 ஜூலை 1 அன்று சின்னக்காமன்பட்டி. ஒவ்வொரு முறையும் மறுநாள் செய்தித்தாளில் ஒரே காரணம்தான் அச்சாகிறது: மருந்துக் கலவையின்போது உராய்வு ஏற்பட்டது.

உராய்வு என்பது கடைசிப் பொறி மட்டுமே. எந்த மருந்து உராய்ந்தது, எவ்வளவு இருந்தது, எந்த அறையில் இருந்தது, எத்தனை பேர் உள்ளே இருந்தார்கள் என்பவற்றில்தான் குற்றமா விபத்தா என்பது அடங்கியிருக்கிறது. பொட்டாசியம் குளோரேட்டைக் கந்தகத்தோடு சேர்த்தால் சிறு உரசலுக்கே வெடிக்கும் என்பதால் அந்தக் கலவை பட்டாசில் தடை செய்யப்பட்டது. தீப்பெட்டித் தொழிலில் குளோரேட்டுக்கு உரிய இடம் உண்டு. பட்டாசு ஆலையின் இடிபாட்டில் அது கிடைத்தால், உரிமையாளர் மலிவான, ஆபத்தான வழியைத் தெரிந்தே எடுத்தார் என்று கேட்க இடம் வருகிறது. வெடிப்பின் மையத்தில் விழும் பள்ளத்தின் ஆழமும் சுவர்கள் சாய்ந்த திசையும் அந்த அறையில் இருந்த மருந்தின் அளவை மதிப்பிட உதவும். இறந்தவர்களின் கைகளிலும் முகத்திலும் பதிந்த துகள்கள் யார் கலவையைக் கையாண்டார், யார் வாசலில் நின்றார் என்பதைக் காட்டும். மூச்சுக்குழாயில் கரி படிந்திருந்தால் தீ பரவியபோது அவர் உயிரோடு இருந்திருக்கிறார். கரியும் இல்லை, இரத்தத்தில் கார்பன் மோனாக்சைடும் இல்லை என்றால் வெடிப்பின் அதிர்ச்சியிலேயே இறந்தாரா, அதற்கு முன்பே இறந்து கிடந்தாரா என்று தேட வேண்டியிருக்கும். கொலையை விபத்தாகக் காட்ட நினைப்பவருக்கு இந்த வட்டாரத்தைப் போல வசதியான இடம் வேறில்லை என்பதால் இந்தச் சோதனை இங்கே இன்னும் முக்கியமாகிறது.

இந்தத் தடயங்களின் ஆயுள் குறைவு. நைட்ரேட், குளோரேட் உப்புகள் நீரில் கரைபவை. தீயணைப்பு வண்டி பீய்ச்சும் தண்ணீரில் அவற்றில் பெரும்பகுதி ஓடிவிடும். உயிர்களைக் காப்பாற்றத் தண்ணீர் அடித்துத்தான் ஆக வேண்டும், அதில் இரண்டு பேச்சுக்கு இடமில்லை. அதன் பிறகு ஜேசிபி இடிபாட்டை அள்ளிக் குவிப்பதற்கு முன் சில மணி நேரம் கிடைக்கும். தண்ணீர் படாத மூலை, வெடிக்காமல் தப்பிய அடுத்த கொட்டகையின் சரக்கு, காய வைத்திருந்த மணி மருந்து, சேமிப்பறையின் மூட்டைகள் ஆகியவற்றிலிருந்து அந்த நேரத்துக்குள் மாதிரி எடுக்க வேண்டும். எடுத்ததைக் காற்றுப் புகாமல் அடைத்து, முத்திரையிட்டு, படிவம் 95-இல் பதிந்து நீதிமன்றம் வழியாக ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். எந்தக் கண்ணியிலும் கையெழுத்து விடுபடக் கூடாது. வருகைப் பதிவேடு எரிந்திருந்தாலும் வேன் ஓட்டுநரின் கைபேசியும் வாசல் கேமராவும் அன்று எத்தனை பேர் வேலைக்கு வந்தார்கள் என்பதைச் சொல்லும்.

சட்டத்தில் இருக்கும் ஓட்டை இங்கேதான். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 176(3) பிரிவு, ஏழு ஆண்டோ அதற்கு மேலோ தண்டனை உள்ள குற்றங்களில் தடயவியல் நிபுணர் சம்பவ இடத்துக்கு வந்து தடயம் சேகரிப்பதையும் அதைக் காணொலியாகப் பதிவதையும் கட்டாயமாக்குகிறது. கொலைக்கு இது பொருந்தும். கவனக்குறைவால் மரணம் விளைவித்தல் என்ற பாரதிய நியாய சன்ஹிதாவின் 106(1) பிரிவுக்கு ஐந்து ஆண்டுதான் உச்சத் தண்டனை, ஆகவே பொருந்தாது. மரணம் நேரும் என்று தெரிந்தே செய்த செயலுக்கான 105-ஆம் பிரிவில் பத்து ஆண்டு வரை உண்டு, அதற்குப் பொருந்தும். காவல் நிலைய எழுத்தர் முதல் தகவல் அறிக்கையில் எந்த எண்ணை எழுதுகிறார் என்பதைப் பொறுத்துத் தடயவியல் நிபுணரின் வருகை கட்டாயமாவதும் ஆகாததும் அமைகிறது. இது தலைகீழான முறை. தெரிந்து செய்ததா, கவனக்குறைவா என்பதைத் தடயம் சொன்ன பிறகுதான் பிரிவை முடிவு செய்ய முடியும். பிரிவை முதலில் எழுதிவிட்டு அதற்கேற்பத் தடயம் தேடினால் 106-ஐத் தாண்டி எந்த வழக்கும் போகாது.

தடயத்தை யார் எடுக்கிறார்கள் என்பதும் பிரிவைப் போலவே முக்கியம். ஆலைக்கு உரிமம் தந்தது நாக்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட, வெடிபொருள் பாதுகாப்புக்கான மத்திய அமைப்பான பெசோவாகவோ மாவட்ட வருவாய் நிர்வாகமாகவோ இருக்கும். உள்குத்தகைக்கு விடப்பட்ட கொட்டகையை ஆய்வு செய்யாமல் விட்டவர்களும் அவர்களுக்குள் இருக்கலாம். அவர்களின் தொழில்நுட்ப அறிவு விசாரணைக்குத் தேவை. ஆனால் மாதிரி எடுக்கும் கை அவர்களுடையதாக இருக்கக் கூடாது. 2020-இல் சாத்தான்குளத்தில் ஜெயராஜும் பென்னிக்ஸும் காவல் நிலையத்தில் தாக்கப்பட்டு இறந்த வழக்கில், காவல் நிலையத்தையே வருவாய்த் துறையின் கட்டுப்பாட்டில் கொண்டுவர உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட வேண்டியிருந்தது. குற்றம் சாட்டப்படக்கூடியவரிடம் தடயத்தின் காவல் இருக்கக் கூடாது என்ற அதே நியாயம் வெடித்த ஆலைக்கும் பொருந்தும்.

ஆய்வகம் என்ன செய்ய முடியும் என்பதற்கு இதே தொழிலில் சான்று உண்டு. பேரியம் உப்புகளுக்கு 2018-இல் தடை விதித்த உச்ச நீதிமன்றம், 2020-இல் சிபிஐயின் சென்னை இணை இயக்குநரை விசாரிக்கச் சொன்னது. எடுக்கப்பட்ட மாதிரிகளில் பேரியம் இருந்தது ஆய்வில் தெரிந்தது. 2021 அக்டோபர் 29 அன்று நீதிமன்றம் அதைக் கடுமையாகக் கண்டித்தது. காற்றின் தூய்மைக்காக இவ்வளவு சோதனை செய்ய முடிந்திருக்கிறது. மருந்து அடைத்துக்கொண்டிருந்த பெண்களின் உயிருக்காக அதே சோதனையைக் கேட்பது அதிகமல்ல.

இந்த மண்ணுக்கே உரிய எச்சரிக்கை ஒன்றும் உண்டு. துப்பாக்கிச் சூட்டின் தடயமாகத் தேடப்படுபவை ஈயம், பேரியம், ஆன்டிமனி. பின்னிரண்டும் பட்டாசுத் தொழிலில் நெடுங்காலம் புழங்கியவை. வீட்டுக்கு ஒருவர் அலுமினியப் பவுடரிலும் கந்தகத்திலும் வேலை செய்யும் ஊரில், ஒருவர் கையிலோ சட்டையிலோ வெடிமருந்துத் துகள் இருப்பதை மட்டும் வைத்து அவரைக் குற்றவாளி என்று சொல்ல முடியாது. நாட்டு வெடிகுண்டு வீச்சு வழக்கிலும் இதே கதைதான். கலவையின் விகிதம், துகளின் அளவு, சுற்றிய சணல், அட்டை ஆகியவற்றை ஒப்பிட்டால்தான் அறிக்கைக்குப் பொருள் உண்டு. வேறு மாவட்டத்தில் போதுமான சான்றாக இருக்கும் ஒன்று சிவகாசியில் அப்பாவியைச் சிக்கவைக்கும். ஆகவே இங்கே வேலை செய்யும் நிபுணருக்கு இந்தத் தொழில் தெரிந்திருக்க வேண்டும்.

கருகிய உடல்களை அடையாளம் காண்பது தனிப் பணி. பல்லிலிருந்தும் தொடை எலும்பிலிருந்தும் மரபணு எடுத்துப் பெற்றோர் அல்லது பிள்ளைகளின் இரத்தத்தோடு ஒப்பிட வேண்டும். முடிவு தாமதமானால் குடும்பத்துக்கு உடலும் கிடைக்காது, இறப்புச் சான்றிதழும் கிடைக்காது, இழப்பீடும் கிடைக்காது. வேலைக்கு வந்தவர் என்று பதிவேட்டில் பெயரே இல்லாத தொழிலாளிக்கு, அவர் அங்கே இருந்தார் என்பதற்கு இந்தச் சோதனைதான் ஒரே சான்று. விருதுநகரில் 2022 ஜனவரியில் அரசு மருத்துவக் கல்லூரி திறக்கப்பட்டது. வெடிப்பில் இறந்த எல்லோரின் உடற்கூறாய்வும் அதன் தடயவியல் மருத்துவத் துறையின் மேற்பார்வையில், காணொலிப் பதிவுடன் நடக்க வேண்டும்.

செய்ய வேண்டியவற்றுக்குச் சட்டத் திருத்தம் தேவையில்லை. எந்தப் பிரிவில் பதிவானாலும், உயிர்ச்சேதம் உள்ள ஒவ்வொரு பட்டாசு, தீப்பெட்டி ஆலை வெடிப்பிலும் கொலை வழக்குக்குரிய தடய நடைமுறை பின்பற்றப்பட வேண்டும் என்று காவல்துறைத் தலைமை இயக்குநர் சுற்றறிக்கை அனுப்பினால் போதும். மதுரை, திருநெல்வேலி வட்டார ஆய்வகங்களிலிருந்து ஆள் வரும்வரை காத்திருக்காமல், வெடிமருந்து வேதியியல் தெரிந்த ஒரு குழுவும் வாகனமும் சிவகாசியிலேயே இருக்க வேண்டும். மீட்புப் பணி முடிந்த பிறகு அந்தக் குழு எழுதிக் கொடுக்கும்வரை இடிபாட்டில் இயந்திரம் இறங்கக் கூடாது. ஆய்வக அறிக்கையின் நகல் இறந்தவரின் குடும்பத்துக்குக் கிடைக்க வேண்டும். 176(3) பிரிவை நடைமுறைப்படுத்தும் அறிவிக்கைக்கு மாநிலங்களுக்கு ஐந்து ஆண்டு அவகாசம் தரப்பட்டிருக்கிறது. விருதுநகர் மாவட்டத்தில் அந்த அவகாசத்தைக் கடைசி நாள்வரை பயன்படுத்தக் கூடாது. சிவகாசி, சாத்தூர், வெம்பக்கோட்டை வட்டக் காவல் நிலையங்களுக்கு இந்த ஆணை வரும் கோடைக்கு முன்பே போய்ச் சேர வேண்டும்.