முப்பத்தோராம் நாள்

படம் வரையவும் இசை அமைக்கவும் உதவும் மென்பொருள்கள் பலவற்றை முப்பது நாள் இலவசமாகப் பயன்படுத்திப் பார்க்கலாம். பிறகு விலை கொடுக்க வேண்டும். முப்பத்தோராம் நாள் மென்பொருள் பூட்டிக்கொள்ளும். அந்தப் பூட்டை உடைக்க யோசனை சொல்லவும் உடனே ஆள் வந்துவிடும்! மாணவர் பலர் இதைச் சாமர்த்தியம் என்றே நினைக்கிறார்கள். அப்படித்தானா?

தொடக்கத்தில் பூட்டே கிடையாது. 1982-இல் அமெரிக்காவில் ஆண்ட்ரூ ஃப்ளூகல்மன் என்பவர் தம் 'பி.சி. டாக்' நிரலை யாரும் படியெடுக்கலாம் என்று வெளியிட்டார். பிடித்திருந்தால் 25 டாலர் அனுப்பும்படி கேட்டுக்கொண்டார். 'பி.சி. ஃபைல்' எழுதிய ஜிம் நாஃப் என்பவரும் அவ்வாறே செய்தார். பணம் அனுப்பியோர் பலர். நாஃப் தம் வேலையை விட்டுவிட்டு இதையே தொழிலாகக் கொள்ள முடிந்தது. பயன்படுத்துவோரின் நாணயத்தை நம்பிய வியாபாரம் அது.

படியெடுத்தால் எழுதியவரிடம் ஒன்றும் குறையவில்லையே என்று நீங்கள் கேட்கலாம். பொருள் குறையாதுதான். ஆனால் முப்பது நாள் என்று ஒப்புக்கொண்டுதானே அதை நிறுவினோம்? விலை மிக அதிகம் என்னும் குறை பல நேரம் நியாயமானது. அது வாங்காமலிருப்பதற்குக் காரணமாகும், ஏமாற்றுவதற்கு ஆகாது.

தேதியைப் பின்னுக்குத் தள்ளும் தந்திரத்தையும் பார்ப்போம். பல மென்பொருள்கள் கடைசியாக இயங்கிய நாளைக் குறித்து வைப்பதால், கடிகாரம் பின்னே போனதைக் கண்டுகொள்கின்றன. இணையத்தளங்களின் பாதுகாப்புச் சான்றிதழ்களும் தேதியைப் பொறுத்தவை. கடிகாரம் தவறினால் உலாவி அவற்றை ஏற்க மறுக்கும்.

பூட்டு உடைக்கும் நிரலோ இதைவிடப் பன்மடங்கு ஆபத்தானது. நிறுவும்போது வைரஸ் தடுப்பானை அணைத்துவிடு என்பார்கள். காவல்காரனை அனுப்பிவிட்டு, முகம் தெரியாதவனிடம் வீட்டுச் சாவியைக் கொடுப்பதல்லவா இது? 2021-இல் அவாஸ்ட் நிறுவனம் 'கிராக்கோனோஷ்' என்னும் தீநிரலைப் பற்றி அறிவித்தது. பூட்டுடைத்த விளையாட்டுகளுக்குள் அது ஒளிந்திருந்தது. கணிப்பொறியைப் பாதுகாப்பு முறையில் மறுபடி தொடங்கச் செய்யும். அம்முறையில் தடுப்பான் இயங்காது. அந்தச் சமயம் பார்த்து அதை அழித்துவிடும். பிறகு கணிப்பொறியின் உழைப்பைத் திருடி, 'மொனேரோ' என்னும் மின்பணத்தைத் தன் எசமானனுக்குச் சேர்க்கும். சிக்கிய கணிப்பொறிகள் 2,22,000-க்கு மேல்! இலவச விளையாட்டுக்கு மின்கட்டணம் செலுத்தியவர்கள் அவற்றின் சொந்தக்காரர்கள்.

காசில்லாத மாணவர் என்ன செய்வது? படத்துக்குக் கிம்ப், இங்க்ஸ்கேப். எழுத்துக்கும் கணக்குக்கும் லிப்ரே ஆபீஸ். இவற்றில் நாள் கணக்கே இல்லை. படியெடுத்து நண்பருக்கும் தரலாம். வேறு சில நிறுவனங்கள் பள்ளிச் சான்று காட்டினால் மாணவர் பதிப்பை இலவசமாகத் தருகின்றன. சிறு மென்பொருளாக இருந்தால், இன்னும் சில நாள் வேண்டுமென்று எழுதியவருக்கே ஒரு கடிதம் போட்டுப் பாருங்களேன்.