வரப்புத் தகராறுக்கு எந்தக் கோர்ட்?

பக்கத்து வயல்காரர் வரப்பை வெட்டிவிட்டால் உழவர்கள் பலர் முதலில் ஓடுவது போலீஸ் ஸ்டேஷனுக்கு. சிலர் கறவை மாட்டை விற்று, உயர் நீதிமன்றத்தில் ரிட் போடுகிறார்கள். இரண்டும் வீண் அலைச்சல். அடிதடியைத் தடுப்பது போலீஸ் வேலை. நிலம் யாருடையது என்று தீர்ப்பது அல்ல. தனியார் இருவரின் சொத்துத் தகராறுக்கு ரிட் வழியல்ல என்று உச்ச நீதிமன்றம் 2010-இல் தெளிவாக்கிவிட்டது.

முதலில் பணம் கட்டி, சர்வேயரைக் கொண்டு அளந்து கல் நடுவதே நல்லது. அதிலும் தீராவிட்டால், நிலம் உள்ள எல்லைக்குரிய சிவில் கோர்ட்டே சரியான இடம். மதிப்பைப் பொறுத்து அது முன்சீப் கோர்ட்டாகவோ சப் கோர்ட்டாகவோ இருக்கும். பட்டா மட்டும் போதாது. கிரயப் பத்திரம், மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, கிஸ்தி ரசீது ஆகியவற்றையும் எடுத்துச் செல்ல வேண்டும்.

அனுபவத்தில் உள்ள நிலத்தைச் சட்டத்துக்குப் புறம்பாக ஒருவர் பறித்தால், உரிமையை நிரூபிக்காமலேயே அனுபவத்தைத் திரும்பப் பெற வழக்குப் போடலாம். ஆனால் கெடு 6 மாதம்தான். தவறான படியேறி அலைபவர் இழப்பது இந்தக் கெடுவைத்தான். வக்கீல் வைக்க வசதியற்றவர்கள் கோர்ட்டிலுள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். லோக் அதாலத்தில் சமரசமானால் கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். அண்டை வயல் உறவும் முறியாது.