முறையிடுவது யாரிடம்?

சிறுபான்மைக் கல்வி நிறுவனம் என்கிற தகுதி வெறும் பெயர்ப்பலகை அல்ல. நலிந்த பிரிவுக் குழந்தைகளுக்கு 25 விழுக்காடு இடங்களை ஒதுக்க வேண்டும் என்கிற கல்வி உரிமைச் சட்டத்தின் விதி, அந்தத் தகுதி பெற்ற பள்ளிகளைக் கட்டுப்படுத்தாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பை மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்று 2025 செப்டம்பரில் இரு நீதிபதிகள் கொண்ட அமர்வு கருத்துத் தெரிவித்ததையும் மறந்துவிட முடியாது. இத்தனை பயன் தரும் தகுதியை வழங்குவது யார், மறுக்கப்பட்டால் முறையிடுவது யாரிடம் என்பது வழக்குரைஞர்களின் கவலை மட்டுமல்ல.

2004-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைக்கப்பட்ட சிறுபான்மையினர் கல்வி நிறுவனங்களுக்கான தேசிய ஆணையம் முதலில் ஆலோசனை கூறவும், புகார்களை விசாரிக்கவுமே ஏற்பட்டது. 2006-இல் செய்யப்பட்ட திருத்தம் அதை மேல்முறையீட்டு அமைப்பாகவும் ஆக்கியது. மாநில அதிகாரி தடையின்மைச் சான்று தர மறுத்தாலும், சிறுபான்மைத் தகுதியை மறுத்தாலும் ஆணையத்தின் கதவைத் தட்டலாம். கோப்புகளைக் கிடப்பில் போடுவதில் நமது அதிகார வர்க்கத்துக்கு உள்ள தேர்ச்சியை அறிந்தவர்கள் இந்த ஏற்பாட்டைக் குறை கூற மாட்டார்கள்.

சிக்கல் பின்னால் வந்தது. மேற்கு வங்கத்தைச் சேர்ந்த ஒரு வழக்கில், மாநில அதிகாரியை அணுகாமல் நேரடியாக வரும் விண்ணப்பத்தின் மீதும் ஆணையம் முடிவெடுக்கலாம் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. சட்டத்தின் வாசகப்படி அது சரியான தீர்ப்பே. ஆனால், விளைவு என்ன? சிறுபான்மையினர் உரிமைகளைக் காக்க அரசுக்கு ஆலோசனை கூறுவதும், விண்ணப்பத்தை முதலில் விசாரிப்பதும், மேல்முறையீட்டைக் கேட்பதும், வழங்கிய தகுதியை ரத்து செய்வதும் ஒரே அமைப்பு. அதற்கு மேல் சட்டப்படியான மேல்முறையீடு இல்லை. உரிமையியல் நீதிமன்றங்கள் தலையிட முடியாது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு ஒன்றே வழி. அங்கே உண்மைகளை மீண்டும் அலசும் வழக்கம் பொதுவாக இல்லை.

ஆணையத்தின் தலைவரும் உறுப்பினர்களும் சிறுபான்மைச் சமூகத்தினராகவே இருக்க வேண்டும் என்கிற விதியைத்தான் சிலர் பெருங்குறையாகக் காட்டுகிறார்கள். அது தவறான வாதம். ஒருவரது மதம் நல முரண் ஆகாது. தாம் நிர்வகித்த அல்லது தம்முடைய சபையோ அறக்கட்டளையோ நடத்துகிற நிறுவனத்தின் மனுவை விசாரிக்க அமர்வதே நல முரண்.

அதைவிடப் பெரிய முரண் தில்லியில் இருக்கிறது. ஆணையத்தை நியமிப்பது மத்திய அரசு. சில வழக்குகளில் அதே அரசுதான் எதிர்த்தரப்பு. ஜாமியா மிலியா இஸ்லாமியா சிறுபான்மை நிறுவனமே என்று 2011 பிப்ரவரியில் ஆணையம் அறிவித்தது. அதை முதலில் ஏற்றுக்கொண்ட மத்திய அரசு, ஆட்சி மாறிய பின்னர் 2018-இல் தில்லி உயர் நீதிமன்றத்தில் தனது நிலையை மாற்றிக்கொண்டது.

உத்தரப் பிரதேசத்திலும் இதன் சாயல் உண்டு. அங்குள்ள 2004-ஆம் ஆண்டு மதரசா கல்விச் சட்டம், அங்கீகாரம் வழங்கும் வாரியத்திலேயே மதரசா தலைவர்களையும் ஆசிரியர்களையும் மாநில அரசு நியமிக்க வகை செய்கிறது. 2024 மார்ச்சில் அச்சட்டத்தை அலாகாபாத் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது; நவம்பரில் உச்ச நீதிமன்றம், பட்டப்படிப்புக்கு இணையான காமில், பாசில் நீங்கலாக, அதைச் செல்லும் என்றது. வாதங்கள் மதச்சார்பின்மையையே சுற்றிச் சுழன்றன. மதரசா அறிஞர்களை விலக்கிவிட்டால் அந்தப் பாடங்களை அறியாத அதிகாரிகளே மிஞ்சுவார்கள் என்பதும் உண்மை. அவர்கள் பாடத்திட்டத்தை வகுக்கட்டும். அங்கீகாரம் குறித்த மேல்முறையீடு வாரியத்துக்கு வெளியே உள்ள ஒரு நீதித்துறை அதிகாரியிடம் போகட்டும்.

ஆணையத்தைப் பொருத்தவரை, முதல் விசாரணையையும் மேல்முறையீட்டையும் தனித்தனி அமர்வுகள் கேட்க வேண்டும். தொடர்புள்ள உறுப்பினர் விலகி நிற்பதை மரபுக்கு விடாமல் சட்டத்தில் எழுத வேண்டும். தகுதி கோரும் மனு பற்றிய அறிவிப்பு, பள்ளி அமைந்துள்ள பகுதியிலும் வெளியாக வேண்டும். அந்த 25 விழுக்காட்டில் தன் பிள்ளைக்கும் ஓர் இடம் கிடைக்கும் என்று காத்திருக்கும் பெற்றோரின் குரலையும் ஆணையம் கேட்க வேண்டாமா?