உத்திரமேரூர் கேட்கிறது: கணக்கு எங்கே?

ஜும்ஆ தொழுகை முடிந்து உத்திரமேரூர் பஸ் நிலையம் அருகே ஒரு டீக்கடையில் நாலு பேர் நின்று பேசிக் கொண்டிருந்தோம். பேச்சு காஸாவைப் பற்றித் திரும்பியது. அரிசி மண்டி வைத்திருக்கும் பெரியவர் ஒருவர் சலிப்போடு கேட்டார்: "ஏன் பாய், டில்லிக்காரன் எவனோட கை குலுக்கினா நமக்கென்ன? நாம மூட்டையை ஏத்தி இறக்கிப் பிழைக்கிறவங்க."

அந்தப் பெரியவரைக் குறை சொல்லிப் பயனில்லை. வெளியுறவுக் கொள்கை என்றாலே கோட்டு சூட்டு போட்டவர்கள் குளிர்சாதன அறையில் பேசும் சமாச்சாரம் என்று நம்மை நம்ப வைத்திருக்கிறார்கள். நம்ப வைத்தவர்களுக்கு அதில் லாபம் இருக்கிறது. கேட்பார் இல்லாத வீட்டில்தானே பொருள் களவு போகும்!

மளிகைக் கடைக்கு வந்த கொள்கை

வணிகப் பெருமக்களே! 2020 ஜனவரி 8 நினைவிருக்கிறதா? காஷ்மீர் பற்றியும் குடியுரிமைத் திருத்தச் சட்டம் பற்றியும் மலேசியப் பிரதமர் மகாதீர் பேசியது டில்லிக்குப் பிடிக்கவில்லை. மலேசியாவின் பெயரைச் சொல்லாமலே சுத்திகரிக்கப்பட்ட பாமாயில் இறக்குமதிக்கு மத்திய அரசு கட்டுப்பாடு போட்டது. சமையல் எண்ணெய்த் தேவையில் பாதிக்கு மேல் வெளிநாட்டிலிருந்து வாங்கும் நாடு இது. டில்லியின் கோபம் நம் ஊர் மளிகைக் கடையின் எண்ணெய் டின்னில் வந்து நின்றது.

அடுத்ததைக் கேளுங்கள். ஈரானிடம் எண்ணெய் வாங்கக் கூடாது என்று அமெரிக்கா மிரட்டியது. 2019 மே மாதத்தோடு வாங்குவதை நிறுத்தினோம். பிறகு ரஷ்யாவிடம் வாங்கினோம். அதற்குத் தண்டனை என்று சொல்லிக் கூடுதல் வரி சேர்த்து, 2025 ஆகஸ்ட் 27 முதல் நம் சரக்குகள் மீதான வரியை அமெரிக்கா 50 சதவீதமாக உயர்த்தியது. ஆம்பூர், வாணியம்பாடி தோல் வியாபாரியும் திருப்பூர் பனியன் முதலாளியும் தலையில் கை வைத்தார்கள். இனியும் கேட்போமா, டில்லி எவனோடு கை குலுக்கினால் நமக்கென்ன என்று?

ஏழையாக இருந்தும் நிமிர்ந்த காலம்

இந்த நாடு எப்போதும் இப்படி இருந்ததில்லை. விடுதலைக்கு முன்பே, 1946இல், நிறவெறி பிடித்த தென்னாப்பிரிக்காவுடன் வணிகத்தை முறித்துக் கொண்டது இந்தியா. நஷ்டம் நமக்கும்தான். ஆனாலும் முறித்தோம். 1938இல் காந்தியடிகள் 'ஹரிஜன்' இதழில் யூதர்கள் படும் துன்பத்துக்காக மனம் வருந்தினார். அதே கட்டுரையில், அவர்களை அரபுகளின் மண்ணில் திணிப்பது அநீதி என்றும் எழுதினார். அந்த நியாயத்தின் வழியில்தான் 1947 நவம்பர் 29 அன்று ஐ.நா. சபையில் பாலஸ்தீனப் பிரிவினைக்கு எதிராக வாக்களித்த 13 நாடுகளில் ஒன்றாக இந்தியா நின்றது.

1953இல் கொரியப் போர்க் கைதிகள் பிரச்சினையைத் தீர்க்கும் நடுநிலைக் கமிஷனுக்குத் தலைமை தாங்க இந்தியாவைத்தான் அழைத்தார்கள். 1956இல் சூயஸ் கால்வாய்க்காக எகிப்தின் மீது பாய்ந்த பிரிட்டனையும் பிரான்சையும் இஸ்ரேலையும் நேரு அரசு கண்டித்தது. 1974இல் பாலஸ்தீன விடுதலை இயக்கத்தை அங்கீகரித்தோம். 1988இல் பாலஸ்தீன நாட்டை அங்கீகரித்த முதல் நாடுகளின் வரிசையிலும் இடம் பெற்றோம்.

அது குறையே இல்லாத பொற்காலம் என்று சொல்ல வரவில்லை. அதே 1956இல் ஹங்கேரியில் சோவியத் டாங்கிகள் ஓடியபோது நம் குரல் கம்மிப் போனது. 1980இல் ஆப்கானிஸ்தான் விஷயத்திலும் ஐ.நா.வில் வாக்களிக்காமல் ஒதுங்கினோம். ஆனாலும் இந்தியாவின் வார்த்தைக்கு அன்று ஒரு விலை இருந்தது.

வல்லரசு தன் படைபலத்தால் மதிக்கப்படும். சின்னஞ்சிறு நாடு யாராவது ஒருவரின் நிழலில் ஒதுங்கும். இரண்டுமல்லாத நடுத்தர நாட்டுக்கு மூலதனம் எது? அதன் சொல்தான். வியாபாரிகளுக்கு இதை விளக்கத் தேவையில்லை. கையில் ரொக்கம் குறைந்தவன் வாக்கு நாணயத்தை வைத்துத்தான் சரக்கு எடுக்கிறான். அந்த நாணயம் போனால் கடையைக் கட்ட வேண்டியதுதான்.

சறுக்கல் தொடங்கிய இடம்

எல்லாப் பழியையும் பா.ஜ.க. மீது போட்டுவிட்டுக் காங்கிரஸ் தப்பிக்க முடியாது. 1991இல் கஜானா காலி. தங்கத்தை வெளிநாட்டில் அடகு வைத்தோம். அந்த ஆண்டு இறுதியில் சோவியத் யூனியனும் உடைந்தது. அதே டிசம்பரில், சியோனிசம் ஒரு வகை இனவெறி என்று 1975இல் நாமே ஆதரித்து நிறைவேற்றிய ஐ.நா. தீர்மானத்தை ரத்து செய்ய நாமே வாக்களித்தோம். 1992 ஜனவரி 29 அன்று நரசிம்மராவ் அரசு இஸ்ரேலுடன் முழுத் தூதரக உறவை அறிவித்தது. 2003இல் ஏரியல் ஷரோனுக்கு வாஜ்பாய் அரசு வரவேற்பு கொடுத்தது. 2005இல் சர்வதேச அணுசக்தி முகமையில் ஈரானுக்கு எதிராக வாக்களித்தது மன்மோகன் சிங் அரசு. 2017இல் இஸ்ரேலுக்குச் சென்ற முதல் இந்தியப் பிரதமர் ஆனார் மோடி. கட்சி மாறியது, கொடி மாறியது, பாதை மாறவில்லை.

'தேச நலன்' என்கிறார்கள். சரி, தேச நலனையே பேசுவோம். கார்கில் போரில் இஸ்ரேல் ஆயுதம் தந்தது உண்மை. இலவசமாகவா தந்தது? காசு கொடுத்துத்தானே வாங்கினோம்! மண்டியில் மூட்டை வாங்கியவன், விற்றவனின் குற்றத்துக்கெல்லாம் வாய் மூடிச் சாட்சி நிற்க வேண்டுமா? அரபு மன்னர்களே இஸ்ரேலோடு உறவாடுகிறார்களே என்றும் கேட்கிறார்கள். உண்மைதான். 2020இல் அமீரகமும் பஹ்ரைனும் கையெழுத்துப் போட்டன. மன்னர்கள் தங்கள் மக்களைக் கேட்டு முடிவு செய்வதில்லை. ஜனநாயக நாடான நமக்கு அவர்களா முன்மாதிரி?

ஒதுங்குவது நடுநிலையா?

2023 அக்டோபர் 27. காஸாவில் சண்டையை நிறுத்தக் கோரி ஐ.நா. பொதுச்சபையில் தீர்மானம். 120 நாடுகள் ஆதரவு. இந்தியா வாக்களிக்கவில்லை. அக்டோபர் 7 தாக்குதலைத் தீர்மானம் கண்டிக்கவில்லை என்று காரணம் சொன்னார்கள். அப்பாவிகளைக் கொன்ற அந்தத் தாக்குதலை நாமும் நியாயப்படுத்தவில்லை. ஆனால் இஸ்ரேலின் நண்பனான பிரான்சே அந்தத் தீர்மானத்துக்கு ஆதரவாகத்தானே வாக்களித்தது!

அதே ஆண்டு டிசம்பரில் போர்நிறுத்தத் தீர்மானத்தை ஆதரித்தோம். 2024 செப்டம்பரில், ஆக்கிரமிப்பை முடிக்கக் கோரிய தீர்மானத்தில் மறுபடி ஒதுங்கினோம். 2025 ஜூன் 12 அன்று 149 நாடுகள் போர்நிறுத்தம் கேட்டபோதும் ஒதுங்கினோம். காஸாவில் இறந்தவர் எண்ணிக்கை 60 ஆயிரத்தைத் தாண்டிய பிறகு, அதே ஆண்டு செப்டம்பரில் இரு நாட்டுத் தீர்வுக்கு ஆதரவாக வாக்களித்தோம். நாளுக்கு ஒரு விலை சொல்லும் கடையில் எந்த வாடிக்கையாளர் நிற்பார்? இத்தனையும் யாருக்காகச் செய்தோமோ, அந்த அமெரிக்காதான் நம் தலையில் 50 சதவீத வரியைப் போட்டது.

கல்வெட்டு சொல்லும் விதி

2020 டிசம்பர் 10 அன்று புதிய பாராளுமன்றக் கட்டடத்துக்கு அடிக்கல் நாட்டிய பிரதமர், நம் உத்திரமேரூர்க் கல்வெட்டைப் பெருமையோடு எடுத்துச் சொன்னார். நமக்கும் பெருமைதான். முதலாம் பராந்தகன் காலத்தில், கி.பி. 920ஐ ஒட்டிய ஆண்டுகளில், வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் வெட்டப்பட்ட குடவோலை விதிகள் அவை. அந்தச் சபையில் நிலமும் வேதக் கல்வியும் உள்ளவர்களுக்குத்தான் இடம். உழைப்பாளிக்கும் பெண்ணுக்கும் இடமில்லை. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அந்தச் சுவரில் ஒரு விதி இருக்கிறது: வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவன் மறுபடி குடவோலைக்குத் தகுதியில்லாதவன், அவன் உறவினர்களுக்கும் தகுதியில்லை!

கல்வெட்டைப் புகழ்ந்தவர்களிடம் அந்த ஒரு விதியைத்தான் கேட்கிறோம். அமெரிக்காவில் உடன்படிக்கைகளுக்கு செனட் சபையின் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு வேண்டும். நம் அரசியல் சட்டமோ வெளிநாட்டு ஒப்பந்தங்களுக்குப் பாராளுமன்ற ஒப்புதலைக் கட்டாயமாக்கவில்லை. கையெழுத்துப் போட்ட பிறகுதான் நமக்குச் சேதி வருகிறது. ஒப்பந்தத்தை முன்கூட்டியே சபையில் வைத்து விவாதிக்க வேண்டும், ஐ.நா.வில் போட்ட ஒவ்வொரு முக்கிய வாக்குக்கும் சபையில் காரணம் சொல்ல வேண்டும் என்று சட்டம் வரட்டும். குடவோலை ஊரின் கோரிக்கையாக இதை வைப்போம்.

குரல் கொடுத்தால் அசையும்

"நாம் கேட்டு என்ன ஆகப் போகிறது?" என்று கேட்கும் இளைஞர்களே! ஈழத் தமிழர் விஷயத்தைப் பாருங்கள். 2009 மே மாதம், முள்ளிவாய்க்கால் ரத்தம் காயும் முன்பே, ஜெனீவாவில் இலங்கை அரசுக்கு ஆதரவாக வாக்களித்தது இந்தியா. தமிழகம் கொதித்தது. கட்சிகள் எழுந்தன, மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள். 2012இலும் 2013இலும் அதே இந்தியா இலங்கைக்கு எதிராக வாக்களித்தது. குரல் ஓய்ந்தது. 2014இலும் 2021இலும் மறுபடி ஒதுங்கி நின்றது.

பாடம் இதுதான். டில்லியை அசைக்க முடியும். ஆனால் தனியாகக் கத்தினால் முடியாது. பாலஸ்தீனத்தை நாம் முஸ்லிம்களின் துக்கமாக மட்டும் சுருக்கிவிட்டோம். ஒரு வெள்ளிக்கிழமை ஆர்ப்பாட்டம், நாலு கோஷம், மறு வெள்ளிக்கிழமை மறதி. பக்கத்துக் கடை நாடார் அண்ணாச்சியிடமும் எதிர்வீட்டு நெசவாளியிடமும் ஏரிப் பாசன விவசாயியிடமும் இதைப் பேசினோமா? வளைகுடா நாடுகளில் சுமார் 90 லட்சம் இந்தியர்கள் வேலை பார்க்கிறார்கள். அங்கே தீப்பிடித்தால் எல்லாச் சமுதாயத்தின் வீட்டிலும்தான் அடுப்பு அணையும்.

காஞ்சிபுரம் தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினர் எந்தக் கட்சியாக இருந்தாலும் அவரிடம் ஒரே கேள்வியைக் கேளுங்கள்: "வெளியுறவுக் கொள்கை பற்றிச் சபையில் எத்தனை முறை வாய் திறந்தீர்கள்?" சாலைக்கும் குடிநீருக்கும் மனுக் கொடுக்கும் கையால் இதற்கும் ஒரு மனுக் கொடுங்கள். பெயரோடு, கையெழுத்தோடு, பத்துச் சமுதாயத்தவரின் கையெழுத்தோடு கொடுங்கள்.

அந்த மண்டிக்காரப் பெரியவர் ஒவ்வொரு நாள் இரவும் கணக்கு முடிக்காமல் கடையைப் பூட்டுவதில்லை. நாட்டை நடத்துகிறவர்களிடமும் அந்தப் பழக்கத்தைத்தான் கேட்கிறோம். கணக்கு எங்கே?